கை உயர்ந்த பிறகு

என் லைட்டுக்கார அப்பாவுக்கு,

எங்கே இருந்தாலும் கையைத் தூக்கிக்கொண்டுதான் நிற்பீர்கள் என்று தெரியும். கொஞ்ச நேரம் அதை இறக்கிவிட்டு இதைப் படியுங்கள்.

பதினொரு வருடமாக உங்களிடம் நான் பேசவில்லை. கோபம்தான், வேறென்ன? ஆடி மாதத்தில், ஒரு முகூர்த்தம்கூட இல்லாத வாரமாகப் பார்த்து, யாருடைய புக்கிங்கும் கெடாமல் கிளம்பிப் போய்விட்ட மனிதரிடம் எங்கிருந்து பேச்சைத் தொடங்குவது? துக்கத்துக்கு வந்த சண்முகண்ணன் வாசலில் நின்று அதைத்தான் சொல்லி அழுதார். "சாகறதுக்குக்கூட ஸ்டுடியோவுக்குத் தொந்தரவு குடுக்கலயே இந்த மனுசன்!" எனக்கு அழுகையோடு சிரிப்பும் வந்தது. அந்தச் சிரிப்புக்காக ரொம்ப நாள் என்னையே திட்டிக்கொண்டேன்.

இதை உங்களோடு சேர்த்து இன்னும் நாலு பேர் படிப்பார்கள். அவர்களுக்கு உங்களைச் சொல்லிவிடுகிறேன். என் அப்பா சூலூரில் விசைத்தறி ஓட்டினார். முகூர்த்த நாள்களில் சண்முகண்ணனின் ஸ்டுடியோவுக்காகக் கல்யாண வீடுகளில் வீடியோ லைட் பிடித்தார். துணி சுற்றிய கைப்பிடி, ஆயிரம் வாட்ஸ் பல்பு, தலைக்கு மேலே தூக்கிய வலது கை. அவ்வளவுதான் அவர் வேலை. தாராபுரத்திலும் பெருந்துறையிலும் எத்தனையோ வீட்டுக் கேசட்டுகளில் அவர் வெளிச்சமாக இருக்கிறார். ஆளாக ஒன்றிலும் இல்லை.

ஆளாக இல்லை என்பதுதான் இப்போது பெரிய தலைவலியாகப் போய்விட்டது அப்பா.

போன தை மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை சூலூர் போயிருந்தேன். அம்மா அவரைக்காய்க்கு நார் உரித்துக்கொண்டிருந்தாள். நன்றாகத்தான் இருக்கிறாள். சர்க்கரை கட்டுக்குள் இருக்கிறது, வாய்தான் கட்டுக்குள் இல்லை. ஏதோ சொல்ல வாயெடுத்தாள், அதற்குள் மேலே ஏர்ஃபோர்ஸ் விமானம் வந்துவிட்டது. அது போகும் வரை கையில் அவரைக்காயோடு காத்திருந்தாள். சத்தம் அடங்கியதும் கேட்டாள்.

"கண்ணு, உங்கப்பா எப்புடி நடப்பாருன்னு உனக்கு ஞாவகம் இருக்குதா?"

"என்னம்மா திடீர்னு?"

"எனக்கு மறந்துபோச்சு. மூஞ்சி போட்டோவுல இருக்குது. கொரலு காதுல இருக்குது. நடைதான் வரமாட்டேங்குது. நேத்துப் பூரா உக்காந்து யோசிச்சுப் பார்த்துப்போட்டேன். வாசல்ல வாராரு, செருப்பக் கழட்டறாரு, தண்ணி குடிக்கறாரு. எல்லாம் வருது. நடுவால நடக்கறத மட்டும் காணோம்."

நானும் கண்ணை மூடிப் பார்த்தேன். எனக்கும் நீங்கள் நின்றுகொண்டுதான் இருந்தீர்கள். ஒரு எட்டுகூட எடுத்துவைக்கவில்லை. எப்படி அப்பா இது? பெற்றவளும் கட்டியவளும் தவிர வேறு யார் ஒரு மனிதனின் நடையை ஞாபகம் வைத்துக்கொள்வார்கள்? பாட்டி போய்ச் சேர்ந்துவிட்டார். மிச்சம் இருந்தது அம்மா ஒருத்திதான். அவளும் மறந்துவிட்டால் நீங்கள் இந்த ஊரில் நடந்ததற்கு என்ன அத்தாட்சி?

"நீ கேமரா வேலதானே பார்க்கறே? அவரு நடக்கறத எங்கிருந்தாச்சும் புடிச்சாந்து ஒருக்கா எனக்குக் காட்டு சாமி. ஒருக்காப் போதும்."

அம்மா என்னிடம் எதையும் கேட்டதில்லை. தீபாவளிக்குச் சேலை வேண்டுமா என்றால்கூட, இருப்பதே போதும் என்பாள். அவள் வாயைத் திறந்து கேட்ட ஒரே பொருள் இது. என்னிடம் அது இல்லை.

இருந்தது. இங்கேதான் உங்களைத் திட்ட வேண்டியிருக்கிறது.

கல்லூரியில் இரண்டாம் வருடம். தெரிந்த ஒருவரைப் பத்து நிமிடம் படம்பிடித்துக்கொண்டு வரச் சொன்னார்கள். சண்முகண்ணனிடம் கேமராவை இரவல் வாங்கி, சூலூர்க் குளக்கரையில் உங்களை நடக்கவிட்டுப் பிடித்தேன். "சும்மா நடக்கறத எதுக்கு கண்ணு எடுக்கறே? பேட்டரி தீந்துபோகுமல்லோ!" என்று கேட்டுக்கொண்டே நடந்தீர்கள். கேசட்டைக் கொண்டுபோய் ஸ்டுடியோ மேசையில் வைத்தேன். மேலே பேர் எழுதவில்லை. அப்பாவுக்கு எதற்குப் பேர்?

மறுநாளே அதை எடுத்துக் கேமராக்காரரிடம் கொடுத்துவிட்டீர்கள். பெருந்துறையில் ஒரு காதுகுத்து. உங்கள் பத்து நிமிடத்தின் மேலே ஏறி உட்கார்ந்து யார் வீட்டுக் குழந்தையோ ஒரு மணி நேரம் அழுதது.

நான் கத்திய கத்தலில் பக்கத்து லைன் வீட்டுக்காரர்கள் எட்டிப் பார்த்தார்கள். நீங்கள் உண்மையிலேயே ஒன்றும் புரியாமல் நின்றீர்கள். "பார்ட்டி பேரு எழுதாத கேசட்டு காலிக் கேசட்டுதானே கண்ணு? ஸ்டுடியோவுல எல்லாரும் அப்படித்தானே எடுப்போம்?" ஆமாம், அதுதான் அந்தத் தொழிலின் சட்டம். விசேஷக்காரர் பேர் இருந்தால் அது கேசட், இல்லாவிட்டால் காலி. உங்கள் மேலேயே உங்கள் கையால் இன்னொருவர் விசேஷத்தை ஏற்றிவிட்டு, ஒரு கேசட் மிச்சம் பிடித்த திருப்தியில் வீட்டுக்கு வந்தீர்கள். நாலு நாள் உங்களோடு பேசவில்லை. ஐந்தாம் நாள் தேங்காய் பன் வாங்கிவந்து வைத்தீர்கள். தின்றுவிட்டுப் பேசினேன். தின்றிருக்கக் கூடாது.

சரி, என் கல்யாண டிவிடி இருக்கிறதே என்று அதைப் போட்டேன். தாரை வார்க்கும்போது நீங்கள் மேடையில்தான் இருந்தீர்கள். ஆனால் கேமரா சொம்பையும் தண்ணீரையும் கிட்டத்தில் எடுத்திருக்கிறது. மணிக்கட்டு வரைக்கும் இருக்கிறீர்கள். தாலி கட்டி முடிந்ததும் வெளிச்சம் திடீரென்று அழகாகிவிடுகிறது. என்ன நடந்தது என்று நம் சொந்தத்தில் எல்லோருக்கும் தெரியும். பட்டு வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு மேடையை விட்டு இறங்கி, அன்றைக்கு உங்களுக்குப் பதிலாக வந்திருந்தவரிடம், "நெழலு புள்ள மூஞ்சியில விழுகுதுங்க, குடுங்க இப்படி" என்று லைட்டைப் பிடுங்கிக்கொண்டீர்கள். பெண்ணைப் பெற்றவர் எங்கே என்று சம்பந்தி வீட்டார் மண்டபம் முழுக்கத் தேடினார்கள். அம்மா தலையில் அடித்துக்கொண்டாள். அதற்கப்புறம் டிவிடி முடியும் வரைக்கும் நான் மட்டும் ஜொலிக்கிறேன். யாருக்கு வேண்டும் அது?

உங்கள் மாப்பிள்ளை என் முகத்தைப் பார்த்துவிட்டு ஒரு வேலை செய்தார். இப்போதெல்லாம் ஒரு போட்டோவைக் கொடுத்தால் போதும், கம்ப்யூட்டரே அதை நடக்கவும் சிரிக்கவும் வைத்துவிடுகிறது. நம் குடும்ப போட்டோவிலிருந்து உங்களைத் தனியாக எடுத்து, ஒரு தென்னந்தோப்பில் நடக்கவிட்டுப் போனில் கொண்டுவந்தார். முதலில் பார்த்தபோது எனக்கு உடம்பு சிலிர்த்துவிட்டது. அம்மாவிடம் கொண்டுபோனோம். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு இரண்டு தரம் பார்த்தாள்.

"நல்லாத்தான் இருக்குது. ஆரு இது?"

"அப்பாம்மா."

"உங்கப்பா எப்பக் கண்ணு இப்புடிக் கைய வீசி நடந்தாரு? சினிமாக்காரனாட்ட வாரான்." பிறகு குரலைத் தாழ்த்திக்கொண்டாள். "பாவம் மாப்ள, ஆசையாச் செஞ்சிருக்காரு. நல்லா இருக்குதுன்னு சொல்லிப்போடு. ஆனா எனக்கு இன்னொருக்காக் காட்டாதே. இதையே பார்த்துட்டிருந்தா உள்ள இருக்கற கொஞ்ச நஞ்சமும் இதாவே ஆயிப்போயிரும்."

போனைக் கவிழ்த்துவைத்துவிட்டு அவரைக்காயை எடுத்துக்கொண்டாள். அவள் பயந்து நான் பார்த்ததில்லை அப்பா. அன்றைக்குப் பயந்தாள்.

சண்முகண்ணனிடம் போனேன். ஸ்டுடியோ இப்போது கண்ணாடிக் கதவும் டிரோனுமாக இருக்கிறது. மெமரி கார்டு போடும் கேமரா வந்த பிறகு பழைய கேசட்டுகளை அழித்து மறுபடி எடுக்கிற வேலை நின்றுபோனதல்லவா? அதனால் கேசட் காலத்தின் கடைசி இரண்டு வருடம் மட்டும், வெட்டாமல் ஒட்டாமல், ஒரு இரும்பு பீரோவில் அப்படியே கிடந்தது.

"எடுத்துட்டுப் போ அம்மணி. அத்தனையும் அவரு புடிச்ச லைட்டுத்தான். ஆனா அவரு அதுல இருக்கமாட்டாரு, பார்த்துக்க. ஃப்ரேமுக்குள்ள வந்துட்டா அவன் லைட்டுக்காரனே இல்ல."

வீட்டில் மத்தியான நேரங்களில் திரைச்சீலையை இழுத்துவிட்டு ஒவ்வொன்றாகப் போட்டுப் பார்த்தேன். மணமக்கள் வந்தார்கள், சீர்த்தட்டுகள் வந்தன, பந்தி வந்தது. நீங்கள் வரவில்லை. ஒரு முழங்கை இல்லை, சுவரில் ஒரு நிழல் இல்லை. இத்தனை சுத்தமாகவா அப்பா ஒருத்தர் வேலை செய்வது? ஒரு நாளாவது கால் இடறிக் கேமராவுக்கு முன்னால் விழுந்திருக்கக் கூடாதா?

பன்னிரண்டாவது கேசட்டோ என்னவோ. பந்தியில் ஒரு அம்மா சாப்பிட்டுக்கொண்டிருந்தார். வெளிச்சம் அவர் மேல் போனது. வலது கையில் ரசம் சோறு. இடது கையைத் தூக்கி, புருவத்துக்கு மேலே விரல்களைச் சேர்த்துவைத்துக்கொண்டு, கீழே நிழலாகிவிட்ட கண்ணால் மேலே பார்த்தார். கேமராவைப் பார்க்கவில்லை. கேமராவுக்குப் பக்கத்தில், கொஞ்சம் உயரத்தில் பார்த்தார்.

உங்களைப் பார்த்தார்.

இந்தக் கையை நான் எத்தனை ஆயிரம் தடவை வெட்டி எறிந்திருக்கிறேன்! கல்லூரி விடுமுறையில் சண்முகண்ணனிடம் மிக்ஸிங் வேலை பார்த்தபோது முதலில் கற்றுக்கொடுத்ததே அதுதானே? கண் கூசிக் கையைத் தூக்கினால் வேஸ்ட், வெட்டு. முகம் தெரிந்தால் வை. அந்த வெட்டுகளுக்குள்ளேதான் ஒவ்வொருவரும் உங்களை நிமிர்ந்து பார்த்துக்கொண்டிருந்தார்கள் என்று எனக்கு அப்போது தெரியாது.

அதற்கப்புறம் கைகளாகவே வந்தன. தாராபுரத்துப் பெரியவர் ஒருவர் தோளில் கிடந்த துண்டைத் தூக்கிப் பிடிக்கிறார். ஒருத்தர் தாம்பூலப் பையால் மறைக்கிறார். கைக்குழந்தைக்குத் தன் கையைத் தூக்கத் தெரியவில்லை, அதன் அம்மா தன் கையை அதற்குக் குடையாகப் பிடிக்கிறாள். இரண்டு அக்கா தங்கச்சிகள் ஒரே நேரத்தில் தூக்குகிறார்கள், ஒருத்தி வலது, ஒருத்தி இடது. பெருந்துறைக் கல்யாணத்தில் ஒரு பெண் விரல்களை விரித்து, அந்தச் சந்து வழியாகப் பார்த்துச் சிரிக்கிறாள். கல்யாணப் பெண்ணுக்குத்தான் கொடுப்பினை இல்லை. மாலையும் வளையலும் மருதாணியுமாகக் கையைத் தூக்க முடியாமல் தலையைக் குனிந்துகொள்கிறாள். பார்ப்பவர்கள் வெட்கம் என்று நினைத்துக்கொள்கிறார்கள்.

எனக்கு ஏதோ ஆகிவிட்டது அப்பா. சிங்காநல்லூர் சிக்னலில் சாயங்காலம் வண்டியை நிறுத்தினால், எதிர்வெயிலுக்கு வரிசையாக எல்லோரும் கையைத் தூக்குகிறார்கள். மீன் வண்டிக்காரர், பள்ளிக்கூட ஆட்டோவில் பிள்ளைகள், ஹெல்மெட்டின் கண்ணாடியை ஏற்றிவிட்ட ஒரு போலீஸ்காரர். அத்தனை பேரும் ஒரே இடத்தை அண்ணாந்து பார்க்கிறார்கள். நானும் தூக்கினேன். மேலே நீங்கள் நின்று மேற்குப் பக்கமிருந்து பிடித்துக்கொண்டிருக்கிறீர்கள் என்றே தோன்றியது. பச்சை விழுந்ததும் பின்னால் ஹாரன் அடித்துத் தீர்த்துவிட்டார்கள்.

அந்தக் கைகளை மட்டும் சேர்த்து ஒரு வேலை செய்தேன். இதை வீடியோ கலை என்கிறார்கள். கதை கிடையாது, பாட்டு கிடையாது. ஒரு இருட்டு அறையின் நாலு சுவரிலும் படம் ஓடும், நடுவில் நின்று பார்க்க வேண்டும். நகைக்கடை விளம்பரம் வெட்டுவது என் பிழைப்பு, இது என் கிறுக்கு. முன்பு ஒருமுறை பஸ் ஜன்னலோரம் தூங்குகிறவர்களின் தலை ஆடுவதை மட்டும் பிடித்து ஒன்று செய்திருந்தேன். இது அதைவிட நன்றாக வந்தது. கை மடியிலிருந்து புறப்படுவது, முகத்தைத் தாண்டி ஏறுவது, புருவத்தில் போய் உட்காருவது. மிகவும் மெதுவாக ஓடவிட்டேன். கை உச்சிக்குப் போனதும் வெட்டு, அடுத்த கை. பழைய மில் குடோன் ஒன்றைக் கண்காட்சி நடத்தக் கொடுக்கிறார்கள், சிங்காநல்லூர்ப் பக்கம். அங்கே போட்டபோது அந்தச் செங்கல் சுவர்களில் கைகள் தண்ணீருக்குள் அசைவதுபோல ஏறிக்கொண்டே இருந்தன. வந்தவர்கள் பேச்சைக் குறைத்துக்கொண்டு, உட்கார்ந்து, அப்படியே மயங்கிப்போய்ப் பார்த்தார்கள். சிலருக்குத் தங்கள் கையும் மடியிலிருந்து கொஞ்சம் எழும்பியது. நான் பார்த்தேன்.

அம்மா ஒவ்வொரு ஞாயிறும் போன் செய்து ஒரே கேள்வியைத்தான் கேட்டாள். "கெடைச்சாரா?" நானும் ஒரே பதிலைத்தான் சொன்னேன். "தேடிட்டிருக்கேம்மா." பொய். தேடுவதை எப்போதோ விட்டுவிட்டேன். உங்களைத் தேடப்போன இடத்தில் எனக்கு ஒரு கலை கிடைத்துவிட்டது, அதை எடுத்துக்கொண்டு ஓடிவந்துவிட்டேன். இதை உங்களிடம் மட்டும்தான் சொல்ல முடிகிறது.

கண்காட்சி தொடங்கிய நாளில் அம்மா சூலூரிலிருந்து பஸ் ஏறி வந்தாள். பையில் முருங்கைக்காய். அறை வாசலில் இருட்டைப் பார்த்ததும் செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே போனாள். நாலு சுவரையும் சுற்றிச் சுற்றிப் பார்த்தாள். நான் பக்கத்தில் நின்றேன்.

"இவிய எல்லாம் ஆரு?"

"கல்யாணத்துக்கு வந்தவங்கம்மா. அப்பா புடிச்ச லைட்டுல கண்ணு கூசி..."

"உங்கப்பா எங்க?"

"அப்பாவத்தாம்மா எல்லாரும் பார்க்கறாங்க. அதுதான் இதுல..."

"நான் அவரு நடக்கறதக் கேட்டேன். நீ ஊருல இருக்கறவியளை எல்லாம் புடிச்சாந்து வெச்சிருக்கறே." சத்தம் போடவில்லை. சத்தம் போட்டிருந்தால் சமாளித்திருப்பேன். இன்னும் கொஞ்ச நேரம் பார்த்தாள். பிறகு திரும்பி, தறியில் நூல் அறுந்ததைக் கண்டுபிடித்தவள் மாதிரி சுவரைக் காட்டினாள்.

"சரி, கையத் தூக்கறாங்க. தூக்குன பொறவு என்னாச்சு?"

"அவ்வளவுதாம்மா."

"அதெப்படி அவ்வளவுதான்? ஆராச்சும் கண்ணு கூசிக் கையத் தூக்குனா உங்கப்பா லைட்ட அந்தப்பக்கம் எறக்கிப்போடுவாரே. கேமராக்காரங்க திட்டுவாங்க, இவரு கேக்கமாட்டாரு. வீட்டுல கரண்டு போயி வந்ததும் எங்கண்ணு முன்னாலகூடக் கையை வெச்சு மறைப்பாரு. அதை ஏன் வெட்டிப்போட்டே?"

எனக்குச் சுருக்கென்றது. இது கலைம்மா, உனக்குப் புரியாது என்று சொல்லிவிட்டேன். ஆமாம் அப்பா, சொன்னேன். அம்மா முருங்கைக்காயை என் கையில் கொடுத்துவிட்டு, "வாரேன் கண்ணு" என்று பஸ் நிறுத்தத்துக்குப் போய்விட்டாள். செய்யக் கூடாததைச் செய்துவிட்டேன். அந்த முருங்கைக்காயை வைத்துக்கொண்டு எவ்வளவு நேரம் வாசலில் நின்றேன் என்று தெரியவில்லை.

மறுநாள் திங்கட்கிழமை, கண்காட்சிக்கு விடுமுறை. காலையிலேயே கேசட்டுகளை மறுபடி போட்டேன். இந்தமுறை கை உச்சிக்குப் போன இடத்தில் வெட்டாமல் ஓடவிட்டேன்.

ரசம் சோற்று அம்மா கையைத் தூக்குகிறார். ஒன்று, இரண்டு. அவர் முகத்திலிருந்து வெளிச்சம் வழுக்கி இலைக்கு இறங்குகிறது, இலையிலிருந்து தரைக்கு. கை தாழ்கிறது. அந்த அம்மா உங்களைப் பார்த்துத் தலையை ஆட்டிவிட்டு அடுத்த வாய் எடுக்கிறார். தாராபுரத்துப் பெரியவர் துண்டைத் தோளில் போட்டுக்கொள்கிறார். விரல் சந்து வழியாகப் பார்த்த பெண், கையை எடுத்துவிட்டு ஏதோ கேட்கிறாள், பதில் கேட்டுக்கொண்டு வாய்விட்டுச் சிரிக்கிறாள். என்ன சொன்னீர்கள்? நாதசுரத்தில் ஒன்றும் கேட்கவில்லை. கேமராக்காரர் "அண்ணா, லைட்டு! லைட்டு!" என்று கத்துவது மட்டும் கேட்கிறது. கை உயரும்போது எல்லோரும் ஒரே மாதிரிதான் இருந்தார்கள். கை இறங்கும்போதுதான் ஒவ்வொருவரும் ஒவ்வொரு ஆளானார்கள். உலகத்தில் பாதியை வெட்டிவிட்டு மீதியைக் கலை என்று சொல்லிக்கொண்டிருந்திருக்கிறேன்.

நாலு நாள் வேலை. எதையும் மெதுவாக்கவில்லை, எதையும் வெட்டவில்லை. கை ஏறுவது, வெளிச்சம் இறங்குவது, கை இறங்குவது, அதற்கப்புறம் கேமராவும் லைட்டும் அடுத்த ஆளைத் தேடிப் போவது வரைக்கும் வைத்தேன். முன்பு இருந்ததுதான் கச்சிதமாக இருந்தது, இது இழுக்கிறது என்று நண்பர்கள் சிலர் சொன்னார்கள். இழுக்கட்டும். என் அப்பா, நான் இழுப்பேன்.

சூலூருக்கு நானே போய் அம்மாவிடம் மன்னிப்புக் கேட்டேன். "அடப் போ புள்ள" என்றாள். அவ்வளவுதான், கிளம்பிவிட்டாள்.

அறையின் நடுவில் நாற்காலி போட்டு உட்காரவைத்தேன். கை ஏறியது. வெளிச்சம் இறங்கியது. அம்மா "ம்" என்றாள், யாரோ கதை சொல்வதுபோல. அடுத்த கை, அடுத்த இறக்கம். "ம்." முகத்தில் ஒரு சந்தோஷம் வந்துவிட்டது. எனக்கு அதுவே போதும் என்றிருந்தது. நடை கிடைக்காவிட்டாலும் உங்கள் குணமாவது கிடைத்ததே என்று நினைத்துக்கொண்டேன்.

பிறகு பந்தி வந்தது. நீளமான மண்டபம், வரிசை வரிசையாக இலை. உங்கள் லைட் கேமராவை ஒட்டி வரிசையோடு போகிறது. இலைகளின் மேல் வெளிச்சம் கொஞ்சம் முன்னேறுகிறது, நிற்கிறது. மறுபடி கொஞ்சம் முன்னேறுகிறது, நிற்கிறது. எனக்கு அது வெறும் ஆட்டம். நல்லவேளையாக அதையும் வெட்டவில்லை.

அம்மா நாற்காலியை விட்டு எழுந்துவிட்டாள்.

"இதா... இதா... கண்ணு, பாரு! ரெண்டு எட்டு. நின்னுட்டாரா? மறுக்கா ரெண்டு எட்டு. பாரு!"

"என்னம்மா?"

"அவரு அப்பிடித்தான் நடப்பாரு! ரெண்டு எட்டு வெச்சுட்டு நின்னு, பின்னால லைட்டு வயரு வருதா, ஆராச்சும் மிதிச்சுட்டாங்களான்னு பார்த்துட்டு, அப்பறம் ரெண்டு எட்டு. வருசக்கணக்கா அதே பழகிப்போச்சு. கடைக்குப் போனாலும் அப்பிடித்தான். வயரே இல்லாத எடத்துலயும் நின்னு திரும்பிப் பார்ப்பாரு. நான்கூட, ஏனுங்க, பின்னால என்ன மாடா வருதுன்னு சிரிப்பேன். எப்புடிக் கண்ணு இதைப் போயி மறந்தேன்?"

அப்போதுதான் எனக்கும் வந்தீர்கள் அப்பா. குளக்கரையில், லைன் வீட்டு வாசலில், என் கல்லூரி கேட்டிலிருந்து பஸ் நிறுத்தம் வரைக்கும். இரண்டு எட்டு, ஒரு நிற்பு, தோளுக்கு மேலே ஒரு பார்வை. பின்னால் நான் வருகிறேனா என்று பார்ப்பதாக இத்தனை நாள் நினைத்துக்கொண்டிருந்தேன்.

அழுதேன். அம்மா அழவில்லை. வெளிச்சம் எந்தச் சுவரில் போனதோ அந்தச் சுவரோடு சேர்ந்து அவளும் நடந்தாள், வெறுங்காலோடு, இரண்டு எட்டு, ஒரு நிற்பு. அறையில் இருந்த மற்றவர்கள் ஒதுங்கி வழி விட்டார்கள். மூலையில் சுவர் முடிந்த இடத்தில் வெளிச்சம் நின்றது. அம்மாவும் நின்றாள். நின்று, நீங்கள் திரும்பிப் பார்ப்பீர்களே, அந்தப் பக்கமாகத் தரையைப் பார்த்தாள். பிறகு நிமிர்ந்து, வீட்டில் கூப்பிடுவதுபோலவே கூப்பிட்டுச் சொன்னாள்.

"ஏனுங்க, வயரை ஆரும் மிதிக்கலீங்க. நீங்க பாட்டுக்கு வாங்க."

கண்காட்சி முடிந்ததும் சூலூர் வீட்டு உள்சுவருக்குச் சுண்ணாம்பு அடித்து, ஞாயிற்றுக்கிழமைதோறும் இதை அங்கே ஓடவிடுவேன். அம்மாவுக்குப் பின்னால் நானும் நடந்து பழகிக்கொள்கிறேன். நாளைக்கு அவளுக்கு மறந்தால், நான் நடந்து காட்டுவேன். இது சத்தியம் அப்பா.

உங்கள் மகள், உங்களுக்குப் பின்னாலேயே வரும்
தேன்மொழி